மொட்டை மாடிக்குக் கீரை கேட்டு ஒரு விண்ணப்பம்

மயிலாப்பூர், தியாகராய நகர், அடையாறு ஆகிய பகுதிகளிலுள்ள அடுக்கு மாடிக் குடியிருப்புச் சங்கங்களின் தலைவர், காரியதரிசி, பொக்கிஷதாரர், அங்கத்தினர் அனைவருக்கும்.



லஸ் மூலையிலிருந்து பனகல் பூங்கா வரையிலும், அங்கிருந்து அடையாறு காந்தி நகர் வரையிலும், தனி வீடுகள் இருந்த மனைகளிலெல்லாம் அடுக்கு மாடிகள் எழும்பிவிட்ட இந்நாளில், அவ்வீடுகளின் கொல்லையில் கிணற்றடிக்கும் துவைகல்லுக்கும் நடுவே பாத்தி கட்டி வளர்த்த கீரைக்கு இடமில்லாமற் போனதை யாருடைய குற்றமென்றும் சொல்வதற்கில்லை. ஆனால் அந்தக் கொல்லையின் பரப்பு முழுவதும் நம் தலைக்கு மேலே மொட்டை மாடியாக உயர்ந்து நின்று, தண்ணீர்த் தொட்டியையும் டிஷ் ஆன்டெனாவையும் துணிக்கொடியையும் தவிர வேறொன்றுக்கும் உதவாமற் கிடப்பதும், அங்கே நாலு தொட்டி வைக்க எவரேனும் அனுமதி கேட்டால், ‘பொதுச் சொத்து, ஒழுகும், பாரம் தாங்காது’ என்று சொல்லி நம் சங்கங்கள் மனுவை மூடிவிடுவதும், சற்று நிதானித்து ஆராயத்தக்க விஷயங்களென்று தோன்றுகிறபடியால், இம்மடலைத் தங்கள் முன் வைக்கத் துணிந்தேன்.

மறுக்கிறவர்கள் சொல்லும் காரணங்கள் அற்பமானவை அல்ல. மாமரத்தையும் எலுமிச்சையையும் பீப்பாயில் நட்டு, வேர் தளத்தைத் துளைக்க விட்டுவிட்டு, கீழ் வீட்டுக்காரர் கூரையில் ஈரம் கண்டு முறையிடும்போது ஊரிலில்லாமற் போகிறவர்களை எல்லாக் குடியிருப்பும் கண்டிருக்கும். ஆகையால் நான் பூந்தோட்டமும் பழத்தோட்டமும் கேட்கவில்லை. கீரையொன்றுக்கே அனுமதி கேட்கிறேன். அரைக்கீரை, சிறுகீரை, முளைக்கீரை, தண்டுக்கீரை என்று நாம் பல பெயரிட்டு வாங்கினாலும் தாவர சாஸ்திரிகளின் கணக்கில் இவையெல்லாம் அமராந்தஸ் என்னும் ஒரே குடும்பப் பிரிவைச் சேர்ந்தவை. இந்தக் குடும்பத்துக்கு மாடித்தோட்டத்தில் மற்றப் பல பயிர்களுக்கு வாய்க்காத இரண்டு நற்குணங்கள் உண்டு. இளங்கீரையாக அறுப்பதாயின் நான்கு அங்குல மண்ணே அதற்குப் போதும். விதைத்து ஒரு மாதத்துக்குள் அது தன் காரியத்தை முடித்துக்கொண்டு இடத்தைக் காலி செய்துவிடும். தளத்தில் பழுது பார்க்க வேண்டுமென்றாலும், ஐப்பசி அடைமழைக்கு முன் மாடியைத் துப்புரவாக்க வேண்டுமென்றாலும், ஒரு மாதத் தவணையில் அகற்றிவிடக்கூடிய தோட்டத்துக்குச் சங்கம் எதற்காக அஞ்ச வேண்டும்?

பாரத்தைப் பற்றி ஒரு சிறு கணக்கு. மக்கள் ஏறி நடமாடக்கூடிய தட்டைக் கூரை சதுர மீட்டருக்குச் சுமார் 150 கிலோ மேற்பாரத்தைத் தாங்கும்படி அமைக்கப்பட வேண்டுமென்பது இந்தியத் தர நிர்ணய விதி. தனிச் செம்மண்ணை அரை அடி உயரத்துக்குக் கொட்டி நனைத்தால் அதன் எடை அந்த வரம்பை எளிதில் தாண்டிவிடும். எனவே அஞ்சுகிறவர்கள் அஞ்சுவதில் நியாயமுண்டு. ஆனால் தென்னை நார்க்கழிவும் மட்கிய எருவும் இரண்டு பங்கு, செம்மண் ஒரு பங்கு என்று கலந்து, நான்கு அங்குலத்துக்கு மேற்படாமல் நிரப்பினால், நீர் குடித்து நிற்கும் நிலையிலும் அது பெரும்பாலும் அந்த வரம்புக்குள் அடங்கிவிடுகிறது. அதையும் மாடியின் நடுவே பரப்பாமல், உத்தரமும் சுவரும் செல்லும் ஓரங்களில் கைப்பிடிச் சுவரை ஒட்டி வரிசையாக வைத்தால், கட்டடத்துக்குச் சிரமம் இராது. வயதேறிய கட்டடமாயின் பொறியாளர் ஒருவரை அழைத்துக் காட்டிவிட்டுத் தொடங்குவதே உசிதம்.

ஒழுகலுக்கும் பரிகாரம் எளிது. பையையோ தட்டையோ தளத்தின் மேல் நேராகக் கிடத்தாமல், செங்கல்லின் மேலோ இரும்புச் சட்டத்தின் மேலோ அரை அடி உயர்த்தி வைத்தால், அடியில் காற்று புகும், பெருக்கலாம், வடிகிற நீர் தேங்காமல் வாட்டத்தோடு மழைநீர்க் குழாய்க்குப் போய்விடும். 2003-ஆம் ஆண்டு முதல் இம்மாநிலத்தில் மழைநீர் சேகரிப்பு எல்லாக் கட்டடங்களுக்கும் கட்டாயமாக்கப்பட்டிருக்கிறபடியால், அக்குழாயின் வாயில் மண் அடைக்காதபடி ஒரு வலைத்துண்டைக் கட்டுவது மட்டும் தோட்டக்காரர் ஏற்க வேண்டிய கடமை.

இனி வெயில். சித்திரைக் கத்திரியில் மொட்டை மாடி கொதிக்கையில் அங்கே என்ன பயிர் பிழைக்குமென்று கேட்பவர்களுக்கு விடை இந்தக் கீரையின் சுபாவத்திலேயே இருக்கிறது. கரும்பும் மக்காச்சோளமும் சூரிய ஒளியைக் கொண்டு உணவு சமைத்துக்கொள்ளும் சி-4 என்னும் விசேஷ முறை கீரைக்கும் உண்டாதலால், தக்காளி பூவை உதிர்த்து வாடுகிற உஷ்ணத்தில் இது தண்ணீர் ஒன்றை மட்டும் கேட்டுக்கொண்டு செழிக்கிறது. உஷ்ணப் பிரதேசத்து மக்கள் எங்கும் இதைக் கைவிடாததற்கு இதுவே காரணம். வங்காளத்தில் லால் ஷாக் என்றும், மலாய் நாட்டில் பாயம் என்றும், ஜமைக்காவில் கலலூ என்றும் இதன் இலையை உண்கிறார்கள். மெக்ஸிகோவின் அஸ்டெக் ஜனங்கள் இதன் தானிய வகையைத் தங்கள் அரசருக்குத் திறையாகச் செலுத்தி, தெய்வ உருவங்களையும் அதன் மாவினால் பிசைந்து வழிபட்டார்கள்; 16-ஆம் நூற்றாண்டில் ஸ்பானியர் வந்து அவ்வழிபாட்டை ஒழித்தபோது பயிரும் அருகிப்போயிற்று. அதே தானியத்தை வட இந்தியர் ராஜ்கிரா என்ற பெயரில் விரத நாட்களில் இன்றும் உட்கொள்ளுகிறார்கள். நம் ஊரிலோ எவரும் விதைக்காமலே காலி மனைகளிலும் சாக்கடை ஓரங்களிலும் குப்பைக்கீரையும் முள்ளுக்கீரையும் முளைத்துக் கிடப்பதைப் பார்க்கும்போது, இந்த மண்ணும் வெயிலும் இக்குடும்பத்துக்கு எவ்வளவு உகந்தவை என்பதற்கு வேறு சாட்சியம் வேண்டியதில்லை.

நம் பகுதிகளுக்கும் தோட்டக்கலைக்கும் உள்ள சம்பந்தம் பழமையானது. மயிலாப்பூருக்கு மேற்கே நீண்டு கிடந்த லாங் டாங்க் என்னும் ஏரியை வடித்துத் தூர்த்த இடத்தில்தான் 1920-களில் தியாகராய நகர் உருவாயிற்று. ஆகவே அங்கே வசிப்பவர்கள் ஏரிப் படுகையின் மேல் வசிக்கிறார்கள். கதீட்ரல் சாலையை ஒட்டிய விவசாய தோட்டக்கலைச் சங்கம் 1835-இல் ராபர்ட் வைட் என்ற தாவர அறிஞரின் முயற்சியால் தோன்றியது. சைதாப்பேட்டையில் 1868-இல் ஏற்பட்ட விவசாயக் கல்வி முயற்சியே 1906-இல் கோயம்புத்தூருக்குப் பெயர்ந்து, பின்னர் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகமாக வளர்ந்தது. அப்பல்கலைக்கழகம் வெளியிட்ட ‘கோ 3’ என்ற கீரை ரகம், விதைத்து 20 நாளில் முதல் அறுப்புக்கு வந்து, அறுக்க அறுக்கத் துளிர்த்து, மூன்று மாத காலத்தில் பத்துத் தடவை வரையில் இலை தரவல்லது. சைதாப்பேட்டையிலிருந்து புறப்பட்ட வித்தை ஒரு விதைப் பொட்டலமாக மறுபடியும் நம் வாசலுக்கு வந்து நிற்கும்போது, அதை மாடிக்கு ஏற்றுவதற்கு மட்டும் நாம் தடை போடுவது அழகன்று. ராஜாங்கத்தாரும் 2013-ஆம் ஆண்டை ஒட்டி, பைகளும் நார்க்கழிவும் விதையும் அடங்கிய மாடித்தோட்டத் தளைகளை மானிய விலையில் சென்னைவாசிகளுக்குக் கொடுக்கத் தொடங்கினார்கள் என்பது தங்களுக்கு நினைவிருக்கலாம்.

விதைக்கும் முறையைச் சற்று விரிவாகவே சொல்லுகிறேன்; ஏனெனில், கீரை வரவில்லை என்று கைவிட்டவர்களில் பெரும்பாலோர் முதல் ஐந்து நாட்களுக்குள்ளேயே கைவிட்டவர்கள். கீரை விதை கடுகினும் மிகச் சிறியது. ஒரு கிராமில் ஆயிரத்துக்கு மேல் இருக்கும். ஹெக்டேருக்கு இரண்டரை கிலோ என்று வேளாண் நிபுணர்கள் சொல்லும் அளவைச் சுருக்கினால் ஒரு சதுர மீட்டருக்குக் கால் கிராம்தான் வருகிறது. அதை விரலால் எடுத்துத் தூவினால் ஓரிடத்தில் கும்பலாகவும் ஓரிடத்தில் வெறுமையாகவும் விழுமாதலால், பத்துப் பங்கு உலர்ந்த ஆற்றுமணலோடு கலந்து, கையை இரண்டு சாண் உயரத்தில் வைத்து, முதலில் கிழக்கு மேற்காகவும் பிறகு தெற்கு வடக்காகவும் இரு தரம் தூவ வேண்டும். மேலே சலித்த எருவை விதை மறைகிற அளவுக்கு மாத்திரம் தூவி, உள்ளங்கையால் மெல்ல அழுத்தி, பூவாளியில் நுண்ணிய தூறலாக நீர் விட வேண்டும். குழாயைத் திறந்து பீய்ச்சினால் விதையெல்லாம் ஒரு மூலைக்கு ஓடிவிடும். எறும்புகள் ஒரே இரவில் விதையைச் சுமந்து போய்விடும் என்பதை அறிந்தவர்கள், பையைச் சுற்றிலும் கொஞ்சம் ரவையையோ அரிசி நொய்யையோ தூவி வைத்து அவற்றை அதிலே ஈடுபடுத்திவிடுவார்கள். நாலைந்து நாளில் முளை காணும். அப்போது புறாக்கள் வந்து இறங்கும். நம் மாடிகளில் அவற்றின் உபத்திரவம் சொல்லி முடியாது. இரண்டு மூங்கில் வில்லை வளைத்து அதன் மேல் ஒரு வலையைப் போர்த்திவிட்டால் போதும். பத்தாம் நாளுக்கு மேல் நெருக்கமாயிருப்பவற்றைப் பிடுங்கிக் களைய வேண்டும். களைந்ததே முதல் சமையலுக்கு முளைக்கீரையாகிறது.

அதன் பின் செய்ய வேண்டியவை சொற்பம். இலையின் அடிப்புறத்தில் வெண்மையான கொப்புளங்களாகத் தோன்றும் வெண்துரு நோய், மாலையில் இலை நனைய நீர் விடுவதனால் மிகுகிறது. ஆகவே காலையில் வேருக்கு விடுக. இலைகளை நூலால் பிணைத்து அதனுள் ஒளியும் புழுவுக்கு, வேப்பங்கொட்டையை இடித்து ஓரிரவு ஊறவைத்து வடிகட்டிய சாறு நல்ல மருந்து. உண்ணும் இலையின் மேல் கடைச் சரக்கான பூச்சி விஷத்தைத் தெளிப்பதைச் சங்கமே தடை செய்துவிடலாம். அடையாறு, பெசன்ட் நகர்ப் பக்கத்து ஆழ்குழாய்க் கிணற்று நீர் உப்பாயிருக்குமிடத்திலும், குடிநீர் சுத்திகரிக்கும் யந்திரம் கழித்துவிடும் நீரிலும் உப்புக் கூடுதலாதலால், அவற்றைத் தனியே விடாமல், அரிசியும் பருப்பும் காய்கறியும் கழுவிய நீரோடு கலந்தோ மாற்றி மாற்றியோ விடுவது நலம். அடுக்களைக் கழுநீரே ஒரு சிறு கீரைத் தட்டுக்குப் பெரும்பாலும் போதுமானது; 2019-இன் கோடையில் லாரித் தண்ணீருக்குக் குடத்தோடு நின்றவர்களுக்கு இந்தச் சிக்கனத்தை நான் எடுத்துரைக்க வேண்டியதில்லை. ஐப்பசி கார்த்திகையில் மட்டும் இளம்பயிர் மழையடியில் சாய்ந்துவிடுமாதலால், ஐப்பசி முதல் மார்கழி வரை தோட்டத்துக்கு விடுமுறை விட்டுத் தை பிறந்ததும் தொடங்கலாம்.

எருவைப் பற்றி ஒரு வார்த்தை. தென்சென்னையின் குப்பை நெடுங்காலமாகப் பெருங்குடிக்குப் போய், பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்தின் விளிம்பில் மலையாகக் குவிந்தது. அதில் நம் வீட்டுக் காய்த்தோலும் காப்பித்தூள் சக்கையும் கோயில் மாலையும் எத்தனை பங்கு என்பதை நாம் அறிவோம். ஈரக்குப்பையைத் தனியே பிரித்துக் கொடுங்களென்று கார்ப்பரேஷனார் கேட்டுக்கொண்டும் நாம் சோம்பலாயிருப்பதன் காரணம், பிரித்த குப்பையை நம் கண்ணெதிரே ஒருவரும் உபயோகிக்காததுதான். இரண்டு பீப்பாய்களை மாடியின் நிழல் மூலையில் வைத்து, காய்ந்த இலையும் அடுக்களைக் கழிவும் மாறி மாறி அடுக்கினால், இரண்டு மூன்று மாதத்தில் கிடைக்கும் மட்கு, இந்தக் கீரைப் பாத்திகளுக்கு வேண்டியதற்கு மேலாகவே இருக்கும்.

சமைக்கிற விஷயத்தில் மயிலாப்பூர் மாமிகளுக்கு நான் உபதேசிப்பது அதிகப்பிரசங்கித்தனமாகும். முளைக்கீரை மசியலும், அரைக்கீரைப் பொரியலும், தண்டின் நாரை உரித்து மோர்க்கூட்டிலோ சாம்பாரிலோ போடுவதும், கீரை வடையும் இங்கே நன்கு அறிந்த பண்டங்கள். பெரியவர்கள் ஏன் அப்படிச் செய்தார்கள் என்பதை மாத்திரம் குறிப்பிடுகிறேன். கீரையை மூடாமல் வேகவிட்டதற்குக் காரணம், கொதிக்கையில் வெளிப்படும் புளிப்பு ஆவி மூடிக்குள் அடைபட்டால் இலையின் பச்சை நிறத்தைக் கெடுத்துவிடும் என்பதே; ஆதலால் நிறத்துக்காகச் சோடா உப்புப் போட வேண்டிய அவசியமில்லை. மசியலில் ஒரு கரண்டி நெய் விட்டதிலும் அர்த்தமுண்டு: இதிலுள்ள கரோட்டீன் கொழுப்போடு சேர்ந்தால்தான் உடலில் நன்கு ஏறும்.

சத்து விஷயத்தில் மிகையாகப் பேசுவதும் சரியன்று. 1937-இல் குன்னூர் ஆராய்ச்சிச் சாலையின் தலைவராயிருந்த ஆய்க்ராய்ட் இந்திய உணவுகளின் சத்து அட்டவணையை வெளியிட்டது முதல், கீரையென்றால் இரும்பு என்ற எண்ணம் நம் மனத்தில் வேரூன்றிவிட்டது. அந்த நிலையம் ஹைதராபாதுக்குப் பெயர்ந்த பின், சேலத்தில் பிறந்த டாக்டர் சி. கோபாலன் குழுவினர் தொகுத்த அட்டவணையிலும் இளங்கீரை 100 கிராமுக்கு இரும்பு 25 மில்லிகிராமுக்கு மேல் என்றே இருந்தது. பிற்காலத் திருத்தத்தில் அது மூன்றரை மில்லிகிராமளவுக்கு இறங்கிவிட்டது. அதனால் கீரையின் மதிப்புக் குறைந்துவிடாது; சுண்ணாம்புச் சத்து 400 மில்லிகிராமை ஒட்டியும், கரோட்டீன் 5,500 மைக்ரோகிராமை ஒட்டியும் அதே அட்டவணையில் நிற்கின்றன. இருக்கிற இரும்பை உடல் ஏற்க எலுமிச்சைச் சாறு ஒத்தாசை செய்யும். சாப்பிட்ட கையோடு அருந்தும் டிகாக்ஷன் காப்பி அதற்குத் தடை செய்யும். இந்த ஊரில் இதைச் சொல்வது பொல்லாப்பைத் தேடிக்கொள்வதுதான், என்றாலும் சொல்லாமலிருக்க முடியவில்லை. இலையில் ஆக்ஸலேட் என்னும் பொருள் இருப்பதால் சிறுநீரகக் கல் உள்ளவர்களும், வைட்டமின் கே இருப்பதால் ரத்தம் உறையாதிருக்க மருந்துண்பவர்களும் வைத்தியரைக் கேட்டு அளவோடு உண்பது விவேகம்.

இவ்வளவும் ஒரு தனி வீட்டுக்காரருக்கே எழுதியிருக்கலாமே, சங்கங்களுக்கு எழுதுவானேன் என்று தாங்கள் கேட்கக்கூடும். பிரதானமான காரணத்துக்கு இப்போது வருகிறேன். மணத்தக்காளியை வற்றலாக்கிப் புட்டியில் வைப்பதுபோல் இக்கீரையை வைத்துக்கொள்ளும் வழக்கம் நம்மிடம் இல்லை. பறித்த அன்றே சமைப்பதுதான் அதற்கு அழகு. ஆகையால் கீரையைப் பாதுகாப்பதென்றால் அதன் விதையைப் பாதுகாப்பதே. பொட்டல விதையையே ஒவ்வொரு தரமும் வாங்குகிறவர், கடைக்காரர் விற்கும் இரண்டு மூன்று ரகத்துக்கு மேல் எதையும் காணமாட்டார். விதைக்கென்று நாலைந்து நல்ல செடிகளை முதலிலேயே ஒதுக்கி, அவற்றில் இலை பறிக்காமல் விட்டுவிட வேண்டும். அவசரப்பட்டுச் சீக்கிரம் பூக்கும் செடியில் விதை எடுத்தால், அதன் சந்ததியும் இலை விடுமுன்பே பூக்குமாதலால், எல்லாவற்றிலும் பிந்திப் பூப்பதையே தேர்ந்தெடுக்க வேண்டும். கதிரைக் கையில் தட்டினால் கருத்து மின்னும் விதை உதிரத் தொடங்கும் பருவத்தில் அறுத்து, வெள்ளைத் துணியில் நிழலில் உலர்த்தி, உள்ளங்கையால் கசக்கி, முறத்தில் புடைத்து, சாம்பல் கலந்து, ஈரமில்லாத புட்டியில் அடைத்து, பெயரும் மாதமும் எழுதி ஒட்ட வேண்டும். ஆனால் கீரையின் மகரந்தம் காற்றில் பறப்பது. நெருங்கிய உறவுடைய பச்சைத் தண்டும் சிவப்புத் தண்டும் ஒரே மாடியில் சேர்ந்து பூத்தால் வித்துக் கலந்து இரண்டின் சுத்தமும் போய்விடும். எனவே ஒரு மாடி ஒரு சமயத்தில் ஒரு ரகத்துக்குத்தான் காவலிருக்க முடியும். மூன்று பேட்டைகளின் மாடிகள் தங்களுக்குள் ரகங்களைப் பங்கிட்டுக்கொண்டாலோ, நூறு வருஷத்துக்கு முன் நம் பாட்டிமார் அஞ்சறைப் பெட்டிக்குப் பக்கத்தில் முடிந்து வைத்திருந்த விதைச் செல்வத்தை மறுபடியும் திரட்டிவிடலாம். கீரை வளர்ப்பு ஒருவரால் ஆகும். விதைக் காவல் சங்கத்தாலேயே ஆகும்.

இதனால் தலையில் கூடையோடு வாசலுக்கு வரும் கீரைக்கார அம்மாளின் பிழைப்பு கெடுமோ என்று சிலர் கவலைப்படக்கூடும். நாம் கேட்கும் பாத்திகளிலிருந்து வீட்டுக்கு வாரம் ஒரு கட்டுக் கிடைத்தால் அதிகம். முருங்கையும் பொன்னாங்கண்ணியும் அகத்தியும் வெந்தயமும் அவரிடந்தான் வாங்கியாக வேண்டும். அன்றியும், எந்த விதையை எந்த மாதம் தூவலாமென்பதை அவரைவிட நன்றாக நமக்குச் சொல்லக்கூடியவர் யார்? சங்கம் அவரைத் தக்க வெகுமதி கொடுத்து மாதமொரு முறை மாடிக்கு அழைத்து ஆலோசனை கேட்குமானால், அது இரு தரப்புக்கும் லாபம்.

ஆகவே, அடுத்த பொதுக்குழுக் கூட்டத்தில் கீழ்க்கண்டவாறு ஒரு தீர்மானம் கொண்டுவர வேண்டுமென்று பிரார்த்திக்கிறேன்:

‘நமது கட்டடத்தின் மொட்டை மாடியில், கைப்பிடிச் சுவரை ஒட்டி, நான்கு அங்குலத்துக்கு மேற்படாத மண்ணுடன், தளத்திலிருந்து உயர்த்தி வைத்த தட்டுகளில், கீரை மட்டும் பயிரிட அங்கத்தினர்களுக்கு ஒரு வருஷ காலத்துக்கு அனுமதி அளிக்கப்படுகிறது. ஐப்பசி பிறக்குமுன் தட்டுகள் காலி செய்யப்பட வேண்டும். பூச்சி விஷம் தெளிக்கலாகாது. விளைந்த கீரை, நீர் விட்டவர்களுக்கு முதலிலும், மற்ற வீடுகளுக்கு முறை வைத்தும் பகிர்ந்தளிக்கப்படும். சங்கம் தன் பொறுப்பில் ஒரு கீரை ரகத்தை ஏற்று, அதன் விதையைப் பிற சங்கங்களுடன் ஆண்டுக்கொரு முறை மாற்றிக்கொள்ளும். வருஷ முடிவில் தளத்தைப் பரிசோதித்து, கசிவு காணப்பட்டால் அனுமதி ரத்தாகும்.’

விதை மாற்றிக்கொள்வதற்கு லஸ்ஸிலுள்ள நாகேஸ்வர ராவ் பூங்கா எல்லோருக்கும் சௌகரியமான இடம். தை மாதத்து ஞாயிற்றுக்கிழமைக் காலை ஒன்றை அதற்கென்று குறித்துக்கொள்ளலாம். தீர்மானத்தின் வாசகத்தில் திருத்தம் வேண்டுமானால் தாராளமாகச் செய்துகொள்ளுங்கள். கடைசி நிபந்தனையை மட்டும் எடுத்துவிட வேண்டாம். எதிர்த்து வாக்களிக்க வந்திருக்கும் மேல்மாடிக்காரரை இசைய வைக்கப்போவது அதுவே.

இங்ஙனம்,
தங்கள் அண்டைக் குடியிருப்பில் வசிக்கும் ஓர் அங்கத்தினன்.